பார்த்துச் சொல்லக் கொடுத்த கேமரா

"கேமராவப் பத்தி உனக்கு ஒண்ணுமே தெரியாதில்ல பாப்பா?"

வீரமணி அப்படிக் கேட்டபோது கோகிலவாணி ஜெராக்ஸ் மிஷினுக்குள் சிக்கிய தாளை உருவிக்கொண்டிருந்தாள். ஏதோ தப்பு செய்துவிட்டோமோ என்று கை அப்படியே நின்றது. தரையைப் பார்த்தபடி, "தெரியாதுங்கண்ணா" என்றாள். அவர் முகம் மலர்ந்துபோயிற்று. ஒன்றும் தெரியாது என்று சொன்னதற்காக அவளைப் பார்த்து ஒருவர் சந்தோஷப்பட்டது அதுதான் முதல் தடவை.

பாப்பிரெட்டிப்பட்டி பஸ் நிலையத்துக்கு எதிரில் வீரமணியின் கடை. போன் விற்பது, ரீசார்ஜ், ஜெராக்ஸ், பாஸ்போர்ட் போட்டோ, எல்லாம் உண்டு. இப்போது அவருக்குப் புதிதாக ஒரு யோசனை வந்திருந்தது. காதுகுத்து, மஞ்சள் நீராட்டு, வளைகாப்பு என்று சின்ன விசேஷம் வைக்கிறவர்கள் வீடியோக்காரரைக் கூப்பிட்டால் ஆளும் லைட்டுமாக வந்து பந்தலில் பாதியை அடைத்துக்கொள்கிறார்கள். போனில் எடுத்தால் நடுங்குகிறது. நடுவில் ஒரு வழியாக, கைக்கு அடக்கமான வீடியோ கேமராவை வாடகைக்கு விட்டால் என்ன? வீட்டு ஆட்களே எடுத்துக்கொள்வார்கள். சேலத்து மொத்தக் கடைக்காரர் ஒரு கேமராவைப் பார்த்துவிட்டுச் சொல்லும்படி கொடுத்தனுப்பியிருந்தார். ஃபோர் கே. எறும்பின் மீசைகூடத் தெரியும் என்று அட்டைப்பெட்டியைத் திறக்கும்போதே வீரமணி சொன்னார்.

"நான் எடுத்தா நல்லாத்தான் வரும். விஷயம் தெரிஞ்சவன்கிட்டக் குடுத்தா ஷட்டரு, லென்சுன்னு அவன் படிச்சதெல்லாம் எங்கிட்ட ஒப்பிப்பான். ஒண்ணும் தெரியாத ஆளு எடுத்தா எப்படி வருதுன்னுதான் எனக்குத் தெரியணும். நீ எடுத்துட்டுப் போயி கண்ணுல பட்டதெல்லாம் எடு. எது புரியல, எது கஷ்டம், அத மட்டும் எனக்கு வந்து சொல்லு."

அவள் பத்தாவதோடு நின்றவள். நின்றதற்குக் காரணம் படிப்பு வராததல்ல. அப்பா தீர்த்தகிரியின் இரண்டு கிட்னியும் வேலை செய்வதை நிறுத்திவிட்டன. வாரத்தில் பாதி நாள் தர்மபுரிக்குக் கூட்டிக்கொண்டு போய் மிஷினில் ரத்தம் சுத்தம் செய்து கூட்டி வர வேண்டும். அம்மா கண்ணம்மாளுக்கு மாடு இருந்தது, மஞ்சள் காடு இருந்தது, சர்க்கரையும் இருந்தது. மிச்சம் இருந்தது அவள்தான். ஆஸ்பத்திரி இல்லாத நாட்களில் கடைக்கு வருவாள். பேச்சுக் குறைந்த பெண் என்பதால் வீரமணிக்கும் அவளைப் பிடித்திருந்தது.

அப்பாவுக்கு இப்படி என்பது ஊர் முழுக்கத் தெரியும். தெரியாதவன் ஒருவன்தான், அவள் அண்ணன் முருகன். குவைத்தில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் துப்புரவு வேலை. அவனிடம் சொல்லக் கூடாது என்பது தீர்த்தகிரியின் கட்டளை. "சொன்னீங்கன்னா அடுத்த பிளைட்டப் புடிச்சி வந்து என் கிட்னிய எடுத்துக்கங்கன்னு நிப்பான். நாளைக்குக் கல்யாணம் காட்சி ஆக வேண்டியவன். அவன் ஒடம்ப அறுத்து நான் உக்காந்து சோறு திங்கணுமா?" என்றார். அதற்கு மேல் அந்தப் பேச்சை அவர் எடுக்கவும் இல்லை, எடுக்க விடவும் இல்லை. பங்காளி வீடு, மாமன் வீடு, பால் ஊற்றுகிற சொசைட்டிக்காரர் வரைக்கும் சொல்லி வைத்தாயிற்று. யார் போனில் பேசினாலும், அப்பாவுக்குக் கொஞ்சம் வாயு, வேறொன்றும் இல்லை என்பார்கள். ஓர் ஊரே சேர்ந்து ஒரு பொய்யைத் தண்ணீர் ஊற்றி வளர்த்தது.

அதில் கோகிலாவின் பங்கு போனைப் பிடிப்பது. முருகன் வீடியோவில் வரும்போது அப்பாவின் முகம் மட்டும் தெரியும்படி பிடிக்க வேண்டும். இடது கை தெரியக் கூடாது. அந்தக் கையில்தான் ஊசி குத்துவதற்காக இரண்டு நரம்பைச் சேர்த்துத் தைத்துப் பெரிதாக்கியிருந்தார்கள். முழங்கைக்குக் கீழே புடலங்காய் போல முறுக்கிக்கொண்டு புடைத்திருக்கும். அதன் மேல் ஊசி ஏறி ஏறிக் கறுத்த வரிசை. வெயில் காலத்திலும் முழுக்கைச் சட்டை போட்டுக்கொண்டுதான் அவர் மகனோடு பேச உட்காருவார். போன் பழையது, முன்பக்கக் கண்ணாடியில் கீறல். வீங்கிய முகம் அதில் சதை போட்ட முகமாகத் தெரியும். "நல்லாத் தேறிட்டீங்கப்பா" என்று அவன் சொல்வான். அப்பா சிரிப்பார். அந்தப் போன் அவ்வளவு மங்கலாக இருந்ததில் கோகிலாவுக்கு ஒரு நிம்மதி இருந்தது.

கேமரா வந்த முதல் நாள் அவள் கோழிகளை எடுத்தாள். சிவப்புப் பொத்தானை அழுத்தினால் ஓடுகிறது, மறுபடி அழுத்தினால் நிற்கிறது, அது சுலபம். மேலே ஒரு சின்னக் குமிழ், அதைக் கட்டைவிரலால் தள்ளினால் தூரத்தில் இருப்பது கிட்டே வருகிறது. சித்தேரி மலையின் பாறைகள் மாட்டுக் கொட்டகைக்குப் பின்னாலேயே வந்து நின்றன. நடந்துகொண்டே எடுத்தாலும் படம் ஆடவில்லை. குறுக்கே ஒரு வேப்பிலை வந்தால் மட்டும் அதையே பார்த்துக்கொண்டு நின்றுவிடுகிறது, பின்னால் இருக்கும் ஆளை விட்டுவிடுகிறது. காற்று அடித்தால் பேச்சுக் கேட்கவில்லை. சீக்கிரம் சூடாகிறது. அம்மா களத்தில் உட்கார்ந்து மஞ்சள் கிழங்கைத் தட்டிக்கொண்டிருந்ததை எடுத்துத் திருப்பிப் போட்டுக் காட்டினாள். கண்ணம்மாள் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு முகத்தைச் சுளித்தாள்.

"என் குதிங்கால எதுக்குடி எடுத்தே? தண்ணியில்லாத ஏரியாட்டம் வெடிச்சிக் கெடக்குது. இதயெல்லாம் யாரு காசு குடுத்துப் பாப்பாங்க?"

மறுநாள் கடையில் கோகிலா இதையெல்லாம் மெதுவாகச் சொன்னாள். வேப்பிலை விஷயத்தை வீரமணி மிகவும் ரசித்தார். அம்மா சொன்னதை அவள் சொன்னபோது சிரிக்கவில்லை. "அதுவும் ஒரு பாயிண்டுதான். அவ்ளோ தெளிவு நம்ம சனத்துக்குத் தாங்குமான்னு பாக்கணும்" என்றார். இன்னும் கொஞ்ச நாள் வைத்திருக்கச் சொன்னார்.

அப்பாவையும் அவள் எடுத்தாள். அவரே கேட்டார். முழுக்கைச் சட்டையை மாட்டிக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்து, முருகனுக்கு என்று பேசினார். காடு, மழை, மாடு கன்று போட்டது. பாதியில் இருமல் வந்தது, அதை வெட்டிவிடச் சொன்னார். வெட்டுவது எப்படி என்று அவளுக்குத் தெரியவில்லை. அதையும் வீரமணியிடம் சொல்ல வேண்டும் என்று நினைத்துக்கொண்டாள்.

சொல்வதற்குள் அப்பா போய்விட்டார்.

விடிந்து வாசல் தெளிக்க எழுந்தவள், வழக்கம்போல முதலில் அவருடைய இடது கையைத் தொட்டாள். அந்தப் புடைத்த நரம்பின் மேல் கை வைத்தால் உள்ளே மாவு மிஷின் ஓடுவதுபோல் அதிரும். காலையும் மாலையும் தொட்டுப் பார்க்க வேண்டும், அதிர்வு இல்லையென்றால் உடனே ஓடி வர வேண்டும் என்று நர்ஸ் சொல்லியிருந்தாள். அன்றைக்கு அது வெறும் கையாக இருந்தது. மூக்கில் கை வைத்துப் பார்க்கவில்லை. அதற்குத் தேவையில்லை என்று தோன்றியது. வெளியே போய் அம்மா பால் கறந்து முடிக்கும்வரை நின்றுகொண்டிருந்தாள். பாதியில் சொன்னால் பால் சிந்திவிடும் என்பதுதான் அப்போது அவளுக்குத் தோன்றியது.

முருகனுக்குச் சொன்னார்கள். மாரடைப்பு, தூக்கத்திலேயே என்றார்கள். அது பொய்யும் இல்லை. கம்பெனி பாஸ்போர்ட்டைத் திருப்பிக் கொடுத்து டிக்கெட் போடுவதற்குள் உடம்பு தாங்காது, அன்றைக்கே அடக்கம் என்று முடிவாயிற்று. அவன் போனில் அழுதது வாசல்வரை கேட்டது. பிறகு, யாராவது எல்லாவற்றையும் வீடியோ எடுத்து வையுங்கள், முகத்தையாவது பார்க்கிறேன் என்றான். மாலையோடு வந்திருந்த வீரமணி கோகிலாவைத் தனியாகக் கூப்பிட்டு, கேமராதான் உன்னிடம் இருக்கிறதே, எடுக்கிறாயா, இல்லை நான் எடுக்கட்டுமா என்றார். அவளே எடுத்தாள். அழுகிற பெண்கள் நடுவில் அழாமல் நிற்பதற்கு அது ஒரு சாக்காகவும் இருந்தது.

பெஞ்சில் படுக்க வைத்து எண்ணெய் வைத்தார்கள். உறவுமுறைப்படி ஒவ்வொருவராக வந்து தலையில் தொட்டு வைத்தார்கள், பிறகு சீயக்காய். பங்காளிகள் குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றினார்கள். சட்டையை எப்போதோ கழற்றியிருந்தார்கள். கோடித் துணி போர்த்தினார்கள். வாய்க்கரிசி போட்டார்கள். சின்னத் திரையில் எல்லாம் சின்னதாக, யாருடைய வீட்டிலோ நடப்பதுபோல் இருந்தது. சூடாகிவிட்டது என்று கேமரா ஒருமுறை எச்சரித்தது. அவள் அதைத் துண்டால் விசிறினாள். பக்கத்தில் நின்ற ஒரு பெண், பெற்ற அப்பனுக்கு விசிறாமல் மிஷினுக்கு விசிறுகிறாள் பார் என்று முணுமுணுத்தது அவள் காதில் விழுந்தது. விழுந்ததே தவிர உள்ளே போகவில்லை.

வீடியோவை முருகனுக்கு அனுப்ப முடியவில்லை. அது அவ்வளவு பெரிது. கடையில் இருந்த கம்ப்யூட்டரில் போட்டால் நாலு நொடி ஓடி நின்றது. போனில் சத்தம் மட்டும் வந்தது. வாடகைக்கு வாங்குகிறவன் எடுத்துவிட்டு எதில் பார்ப்பான் என்று வீரமணி நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். கடைசியில் விற்பனைக்கு மாட்டியிருந்த பெரிய டிவியில் கேமராவை நேராகச் சொருகினார். அதில் ஓடியது.

ஓடியபோதுதான் கோகிலா அதைப் பார்த்தாள். தண்ணீர் ஊற்றும் இடத்தில் படம் மெல்ல மெல்ல அப்பாவின் இடது கையை நோக்கிப் போகிறது. பெஞ்சுக்கு வெளியே தொங்கும் கை. போய் அங்கேயே நிற்கிறது. யார் யாரோ குறுக்கே வருகிறார்கள், போகிறார்கள். படம் நகரவில்லை. புடைத்த நரம்பு, தையல் தழும்பு, ஒவ்வொரு ஊசிக் குழியும், குழியில் தங்கி வழிகிற தண்ணீர், எல்லாம் சுவர் அளவுக்குத் தெரிந்தன.

"இத ஏம்மா இவ்ளோ நேரம் எடுத்தே?" என்று வீரமணி மெதுவாகக் கேட்டார்.

அவளுக்குத் தெரியவில்லை. குமிழைத் தள்ளியது அவளுடைய கட்டைவிரல்தான். தள்ளிய ஞாபகம் இல்லை. அதிர்கிறதா என்று பார்த்திருப்பாள் போலிருக்கிறது.

வீரமணி அதற்கு வழி சொன்னார். படத்தைச் சின்னதாக மாற்றிப் போனில் போட்டுக் கொடுத்துவிடலாம், அந்த இடத்தை வெட்டியும் விடலாம். கண்ணம்மாளும் அதைத்தான் சொன்னாள். காரியத்துக்கு வருகிற பிள்ளை காரியத்தை முடித்துவிட்டு நல்லபடியாகத் திரும்பிப் போகட்டும். போன உயிர் திரும்பப் போவதில்லை. இத்தனை நாள் காப்பாற்றியதை இப்போது உடைப்பானேன்? "உங்கப்பன் வாங்கிக்கிட்ட சத்தியம் அது" என்றாள். கோகிலா சரி என்றாள். வீரமணி வெட்டி, சின்னதாக்கி, போனில் ஏற்றிக் கொடுத்தார். முழுசாக எடுத்தது கேமராவிலேயே இருந்தது. அழித்துவிடட்டுமா என்று கேட்டார். கேமரா திரும்பிப் போகும்போது அழித்துக்கொள்ளலாம் என்றாள் அவள்.

முருகன் வந்தான். பெங்களூரில் இறங்கி பஸ் மாறி மாறி வந்து, வாசலில் பையை வைத்துவிட்டு, அப்பாவின் கட்டில் இருந்த இடத்தைப் பார்த்துக்கொண்டு நின்றான். காரியம் நடந்தது. மொட்டை போட்டுக்கொண்டான். எல்லோரும் அவனிடம் வாயுவைப் பற்றியும் மாரடைப்பைப் பற்றியும் சொன்னார்கள். சொல்லிச் சொல்லிப் பழகியிருந்ததால் யாருக்கும் நாக்குக் குழறவில்லை. வந்த சனம் கலைந்த பிறகு போனை வாங்கி வீடியோவைப் பார்த்தான். இரண்டு முறை பார்த்தான். நல்லா எடுத்திருக்கே என்று தங்கையிடம் சொன்னான். அம்மா உள்ளே போய்ச் சாமான் கழுவ ஆரம்பித்தாள்.

அதோடு முடிந்தது என்றுதான் கோகிலாவும் நினைத்தாள்.

மறுநாள் மத்தியானம் அவன் கடைக்கு வந்தான். வீரமணி சாப்பிடப் போயிருந்தார். கடையில் அவள் மட்டும். நல்ல கேமராவில் எடுத்ததாக வீரமணி சொன்னாரே, போனில் முகம் கலங்கலாகத் தெரிகிறது, பெரிசாக ஒரு தடவை பார்த்துவிட்டால் போதும் என்றான். அவளுக்குப் பதில் தயாராக இருந்தது. கேமரா சேலத்துக்குப் போய்விட்டது, அவ்வளவுதான். அதைச் சொல்ல வாயைத் திறந்தாள். போன் பிடித்த நாளெல்லாம் தோளில் இருந்த வலி நினைவுக்கு வந்ததா, வேறெதுவுமா, அவளுக்கே தெரியாது. எழுந்து போய் மேஜை இழுப்பறையிலிருந்து கேமராவை எடுத்து டிவியில் சொருகினாள்.

அவன் ஸ்டூலில் உட்கார்ந்து பார்த்தான். முதலில் கட்டிலில் உட்கார்ந்து அப்பா பேசியது வந்தது. முருகா என்று அவர் கூப்பிட்டதும் அவன் வேட்டி நுனியால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். இருமல் வந்தது. கன்றுக்குட்டி வந்தது. பிறகு பெஞ்சு. எண்ணெய். தண்ணீர். படம் கையை நோக்கிப் போயிற்று. போய் நின்றது.

முருகன் முன்னால் குனிந்தான். அவள் கல்லாவுக்குப் பின்னால் நின்று அவனுடைய மொட்டைத் தலையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வெளியே அரூர் பஸ் வந்து நின்று, ஆள் ஏற்றி, போயிற்று. டிவியில் கை அப்படியே இருந்தது.

"நிறுத்து" என்றான். நிறுத்தினாள். கை திரையில் நின்றது.

"நான் வேல செய்யிற வார்டுல இந்தக் கையோட வர்றவங்களுக்குத்தான் பெட்ஷீட்டு மாத்துறேன்" என்றான். குரல் உயரவில்லை. "இவ்ளோ குத்தணும்னா வருசக்கணக்கா ஆவும்."

"ஆமாம்."

"நீ ஸ்கூலுக்குப் போவாம நின்னது இதுக்குத்தானா?"

அவள் தலையை ஆட்டினாள். படிப்பு ஏறவில்லை என்று அவனிடம் சொல்லியிருந்தார்கள். அதற்காக அவன் அவளைப் போனில் திட்டியும் இருக்கிறான்.

யாருக்கெல்லாம் தெரியும் என்று கேட்டான். எல்லோருக்கும் என்றாள். வீரமணி அண்ணனுக்குமா? ஆமாம். அவன் கடையைச் சுற்றிப் பார்த்தான். தொங்கும் போன் உறைகள், சார்ஜர்கள், சிரிக்கும் பாஸ்போர்ட் போட்டோக் குழந்தை. திரும்பவும் திரைக்கே வந்தான்.

"டாக்டரு கேட்டிருப்பாங்களே. கிட்னி குடுக்க வூட்டுல யாரு இருக்காங்கன்னு. கேக்காம இருக்க மாட்டாங்க."

"கேட்டாங்கண்ணா."

"அம்மாவுக்குச் சக்கர. உனக்கு வயசு பத்தல. அப்புறம்?"

அவள் கல்லாவின் மேல் இருந்த ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்து மடித்தாள். அது மடியவில்லை.

"சொல்லு. எம்பேரச் சொன்னாங்களா இல்லையா?"

"வேற யாரும் இல்லைன்னு அப்பா சொன்னாரு."

"அதுக்கு டாக்டரு?"

"பையன் யாரும் இல்லீங்களான்னு திரும்பவும் கேட்டாரு." அவள் குரல் அவளுக்கே தூரத்தில் கேட்டது. "இல்லீங்க, எனக்கு இந்தப் பொண்ணு ஒண்ணுதான்னு சொல்லிட்டாரு."

முருகன் எழுந்தான். ஸ்டூலை அது முன்பு இருந்த இடத்தில், சுவரோரமாகத் தள்ளி வைத்தான். வாசலில் குனிந்து செருப்பைத் தேடி மாட்டினான். ஒரு கால் சரியாக நுழையவில்லை, அதைச் சரி செய்துகொண்டான். அவள் அண்ணா என்று கூப்பிட நினைத்தாள். அவன் அவளைப் பார்க்கவில்லை, டிவியையும் பார்க்கவில்லை. வெயிலில் இறங்கி, ஊருக்குப் போகும் பாதையை விட்டு எதிர்ப்பக்கமாக நடந்து போனான்.